பதினேழு வேட்டும் ஐந்து திரியும்

பத்தொன்பது வருடமாக எங்கள் சங்கத்தின் குத்துவிளக்கு, ஒஸ்லோவின் ஹவுகெட்டோவில் என் வீட்டு நிலவறையில் இருக்கிறது. பனிச்சறுக்குக் கட்டைகளுக்கும் காரின் மாற்றுச் சில்லுகளுக்கும் நடுவில் பழைய போர்வை சுற்றிக்கொண்டு நிற்கிறது. விழா வந்தால் புளி போட்டுத் தேய்ப்பவன் நான். காரின் முன் இருக்கையில் வைத்துப் பெல்ட் போட்டுக் கொண்டுபோகிறவனும் நான். மனைவி யோகாம்பாள் பின்னால் வடைச்சட்டியோடு வருவாள். எண்ணெய் விட்டு, திரி போட்டு, மெழுகுதிரியைக் கொளுத்தி, ஏற்ற வருகிற பெரியவர்களின் கையில் கொடுப்பதும் நான்தான். ஏற்றுவது மட்டும் நானில்லை.

இதைப் பொறாமை என்று சொல்வார்கள். பொறாமைதான். இல்லையென்று நான் எங்கே சொன்னேன்?

"வீட்டில சாமி விளக்கு இருக்கு. ஒவ்வொரு வெள்ளியும் ஏத்துங்கோவன். ஆர் தடுத்தது?" என்பாள் யோகாம்பாள். அவளுக்கு விஷயம் விளங்காது. ஒலிவாங்கியில் பெயர் வாசித்து, பெயருக்கு முன்னால் 'திரு' போட்டு, படம் எடுப்பவர் ஒரு காலை மடக்கி நிற்கும்போது ஏற்றினால்தான் அது ஏற்றல். மற்றது வெறும் வெளிச்சம்.

எங்கள் சங்கத்தின் பெயர் நெடுவளவு மத்திய கல்லூரிப் பழைய மாணவர் சங்கம், நோர்வே. உறுப்பினர்கள் நாற்பத்துநான்கு பேர். அதில் முப்பத்தொரு பேர் நிர்வாகசபை. பன்னிரண்டு பேர் ஆலோசகர்கள். மிஞ்சியது நான். என்னையும் வெறுங்கையோடு விடக்கூடாது என்று, தொடக்கத்திலேயே 'விளக்குப் பொறுப்பாளர் (பதில்)' என்று ஒரு பதவி தந்தார்கள். நிரந்தரப் பொறுப்பாளர் யாரென்று இன்றுவரை ஒருவருக்கும் தெரியாது.

விளக்குக்கு ஐந்து முகம். ஏழு முக விளக்கு வாங்குவதென்று ஒருமுறை தீர்மானம்கூட நிறைவேறியது. நாங்கள் வாடகைக்கு எடுக்கும் பாடசாலை மண்டபத்தைப் பார்த்துக்கொள்கிற நோர்வேக்காரர் சம்மதிக்கவில்லை. ஐந்து சுடருக்கு மேல் ஒன்று எரிந்தாலும் தீ அலாரத்தை நிறுத்திவைக்க மாட்டேன் என்றுவிட்டார். ஆகவே நாற்பத்துநான்கு பேருக்கும் ஐந்து திரிதான்.

அந்த ஐந்தில் ஒன்று எப்போதும் குகதாசனுக்கு. அவனும் நானும் நெடுவளவில் ஒரே வாங்கில் இருந்து படித்தவர்கள். ஒரே விமானத்தில் ஃபோர்னெபுவில் வந்து இறங்கியவர்கள். வடக்கே ஒரே மீன் தொழிற்சாலையில் ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தோம். அவனுக்கு ஹீட்டர் இருந்த பக்கம் கிடைத்தது, எனக்குக் கதவடி. பிறகு அவன் லில்லெஸ்ட்ரோமில் வீடு வாங்கினான், இரண்டு கராஜோடு. நான் முதியோர் இல்லத்துச் சமையலறையில் உருளைக்கிழங்கு அவிக்கிறேன். அதெல்லாம் போகட்டும். அவன் வீட்டு வரவேற்பறைச் சுவரில், அவன் விளக்கேற்றும் படங்கள் பதினொன்று தொங்குகின்றன. பதினொன்றிலும் மெழுகுதிரிக்கு இந்தப் பக்கம் ஒரு கை தெரிகிறது. அது என் கை.

இந்த வருடம் எங்கள் கல்லூரியின் பெல்லிங் மண்டபத்துக்கு நூறு வயது. அதன் வாசல் கருங்கல்லில் 'அடிக்கல் நாட்டியவர் மேன்மைதங்கிய சேர் ஓகஸ்டஸ் பெல்லிங்' என்று வெட்டியிருந்தது. அந்தக் கல்லில் குத்தித்தான் நாங்கள் மாங்காய் உடைப்போம். நூற்றாண்டை ஒஸ்லோவில் 'ஆளுநர் பெல்லிங் பெருவிழா'வாக எடுப்பதென்று தலைவர் பிலேந்திரன் கூட்டத்தில் அறிவித்தார். பிலேந்திரன் அண்ணை பதினான்கு வருடமாகத் தலைவர்.

இளையோர் பிரதிநிதி தனுஷா கையைத் தூக்கினாள். சட்டம் படிக்கிற பிள்ளை, நிகழ்ச்சிகளை ஒலிவாங்கியில் தொகுத்து வழங்குகிறவளும் அவள்தான்.

"அங்கிள், அவர் ஒரு கொலோனிஹேர்ரே எல்லோ? எங்களை அடக்கி ஆண்ட ஆக்கள். அவருக்கு ஏன் நாங்கள் விழா எடுக்கோணும்?"

தலைவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். பெரிய கருத்து வருவதற்கு அது அடையாளம்.

"பிள்ளை, அடக்கி ஆண்டது வேற விசயம். அதை நான் மறுக்கேல்லை. ஆனால் ஒண்டை யோசிச்சுப் பாரும். அந்தாள் எங்கட பள்ளிக்கூடத்துக்கு வந்தவர். பக்கத்துப் பள்ளிக்கூடத்துக்குப் போகேல்லை."

எல்லாரும் கைதட்டினோம். நானும் தட்டினேன். பக்கத்துப் பள்ளிக்கூடக்காரரை நினைத்தபோது எனக்கே உடம்பு குளிர்ந்தது.

விழா மலருக்கு ஆளுநரின் வாழ்க்கை வரலாற்றை எழுத ஆள் வேண்டுமென்றார் தலைவர். முப்பத்தொரு நிர்வாகிகளும் பன்னிரண்டு ஆலோசகர்களும் மேசையைப் பார்த்தார்கள். எழுதுவது வேலை, அதில் பதவி ஒன்றும் கிடையாது.

"நான் எழுதுறன்," என்றேன். "ஐஞ்சாவது திரியை எனக்குத் தந்தால்."

குகதாசன் திரும்பி என்னைப் பார்த்தான். "உனக்கேன் மச்சான் திரி? நீதானே விளக்கையே வைச்சிருக்கிறாய்?"

அரை மணித்தியாலம் விவாதம் நடந்தது. கடைசியில், 'கட்டுரை திருப்திகரமாக அமையுமிடத்து ஐந்தாம் திரி தில்லைநாதனுக்கு' என்று கூட்டக் குறிப்பில் ஏறியது. அந்தக் குறிப்பை நான் போனில் படம் எடுத்து வைத்துக்கொண்டேன்.

பெல்லிங்கின் கடிதங்களை அவருடைய மருமகள் ஒருத்தி தன் கைக்காசில் ஒரு புத்தகமாக அச்சடித்திருந்தாள். நூலகத்தில் சொல்லிவைத்து, ஆறு கிழமை காத்திருந்து எடுத்தேன். வேலைக்குப் போகும் ரயிலில் அகராதியோடு இருந்து படித்தேன். மூன்றாம் நாளே எனக்கு அந்த மனிதனைப் பிடித்துவிட்டது.

பெல்லிங் இருபத்திரண்டு வயதில் பிரித்தானியக் குடியேற்ற நாட்டுச் சேவையில் சேர்ந்திருக்கிறார். அதே நாளில், அதே கப்பலில் ராண்டல் என்றொருவரும் சேர்ந்திருக்கிறார். ராண்டலுக்கு நல்ல துறைமுகமும் நல்ல காற்றும் உள்ள தீவு கிடைத்தது. பெல்லிங்குக்குக் காய்ச்சல் தீவு. ராண்டல் பட்டம் வாங்கி 'சேர்' ஆனார். பெல்லிங்கும் 'சேர்' ஆனார், ஒரு வருடம் பிந்தி. புத்தகத்தில் இருநூற்றுப் பன்னிரண்டு கடிதங்கள். நூற்று நாற்பதில் ராண்டல் வருகிறார். மிச்சம் பல்வலி.

ஆளுநர் பதவியில் பெரிய விஷயம் பீரங்கி வேட்டு. முழு ஆளுநர் ஓரிடத்தில் வந்திறங்கினால் பதினேழு வேட்டு. அதற்குக் குறைந்தவர்களுக்குப் பதினைந்து. ராண்டல் நாற்பத்தைந்து வயதிலேயே பதினேழு வாங்கிவிட்டார். பெல்லிங் இலங்கைக்கு வந்தது பதில் ஆளுநராக. உண்மையான ஆளுநர் கால்வீக்கத்தோடு லீவில் போன பதினொரு கிழமைக்கு மட்டும். அவருக்குக் கொழும்பில் பதினைந்துதான் வெடித்தார்கள். 'பதில்' என்ற சொல்லுக்கு அடியில் அவர் ஒரு கடிதத்தில் மூன்று தரம் கோடு போட்டிருந்தார். அந்தக் கோட்டை நான் விரலால் தடவிப் பார்த்தேன்.

எங்கள் கல்லூரிக்கு வந்த நாளைப் பற்றித் தங்கைக்கு எழுதியிருக்கிறார். அந்தக் கடிதத்தை அப்படியே தமிழில் தருகிறேன்: 'இன்று ஏதோ ஒரு பள்ளிக்கூடத்தில் ஒரு கல்லை வைத்தேன். பெயர் நினைவில்லை. வெயில். இருபத்திரண்டு நிமிடம் நின்றேன், அதற்குள் வரவேற்புரை ஒன்பது. மாலை பதினொன்று போட்டார்கள். போன வருடம் ராண்டல் இந்த வழியால் போனபோது பதினான்கு போட்டார்களாம். விசாரித்து அறிந்தேன்.'

கடைசிக் காலத்தில் அவரை முழு ஆளுநராக்கினார்கள். தெற்குக் கடலில், ஆட்களைவிடச் செம்மறியாடு கூடிய ஒரு தீவு. எலி வளையானாலும் தனி வளை. அங்கே இருந்தது ஒரேயொரு பீரங்கி, ஒரு கிழட்டுப் பீரங்கிக்காரன். அவன் ஒவ்வொன்றாக நிரப்பி வெடித்துக்கொண்டு வந்து, பதினைந்தோடு மருந்து முடிந்துபோயிற்று. பெல்லிங் எழுதுகிறார்: 'பதினைந்து கேட்டது. மீதி இரண்டும் காற்றில் போயிருக்கும் என்று வைத்துக்கொண்டேன்.' இதை வாசித்தபோது ரயில் ஹவுகெட்டோவைத் தாண்டிப் போய்விட்டது. திரும்பி வந்தேன்.

எல்லாவற்றையும் உள்ளபடி பதினான்கு பக்கம் எழுதிக் கொடுத்தேன். நான் எழுதியதில் அதைவிட நல்லது ஒன்றுமில்லை. தலைவர் என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

"தம்பி தில்லை, நல்லா எழுதியிருக்கிறீர். ஆனால் உதில உண்மை கொஞ்சம் கூடிப்போச்சு."

"அவர்தானே தன்ரை கையாலை எழுதியிருக்கிறார், அண்ணை."

"எழுதுவினம். பெரிய மனுசர் தங்கச்சிக்கு ஆயிரம் எழுதுவினம். வரலாறு எண்டால் அவையள் என்ன செய்திருக்கோணும் எண்டதை எல்லோ எழுதோணும்?"

மலர் அச்சாகி வந்தபோது கட்டுரை ஒன்றரைப் பக்கமாக இருந்தது. தலைப்பு 'கல்வித் தந்தை பெல்லிங்'. பதினொரு மாலை நூற்றுப்பதினொன்றாக வளர்ந்திருந்தது. கல்லூரியைப் பிரியும்போது ஆளுநர் கண்கலங்கினார் என்றும் இருந்தது. என் பெயர் கடைசிப் பக்கத்தில், மண்டப ஒழுங்குக்கும் வாகனத் தரிப்பிடத்துக்கும் நடுவில். என்றாலும் எனக்கு ஐந்தாம் திரி இருந்தது.

விழாவுக்கு மூன்று கிழமை இருக்கும்போது தலைவர் காருக்குக் கோடைக்காலச் சில்லு மாற்ற ஸ்ட்ரோம்மனுக்குப் போனார். அங்கே சில்லு மாற்றிய வெள்ளைக்காரரின் சட்டையில் 'கெவின் பெல்லிங்' என்று பெயர் குத்தியிருந்தது. விசாரித்தால், இங்கிலாந்துக்காரர். நோர்வேப் பெண்ணைக் கட்டி இங்கே வந்தவர். தலைவர் அந்த இடத்திலேயே அவரைக் கும்பிட்டாராம்.

கெவின் தனக்கும் ஆளுநருக்கும் ஒரு தொடர்பும் இல்லை, தன் தகப்பன் இறைச்சி வெட்டுகிறவர், பாட்டனும் இறைச்சி வெட்டுகிறவர் என்று மூன்று தரம் சொல்லியிருக்கிறார்.

"பாத்தீங்களோ அந்தத் தன்னடக்கத்தை?" என்றார் தலைவர் அவசரக் கூட்டத்தில். "இரத்தம் எண்டால் இரத்தம்தான்."

கெவினுக்கு முதலாம் திரி கொடுக்கப்பட்டது. முதலாம் திரியில் இருந்த குகதாசன் இரண்டாவதுக்கு இறங்கினான். இரண்டில் இருந்த தலைவர் மூன்றுக்கு, தலைவரின் மனைவி நாலுக்கு, லில்லெஸ்ட்ரோம் உபகிளைத் தலைவர் ஐந்துக்கு. உபகிளையில் அவர் ஒருவர்தான் உறுப்பினர். ஐந்தில் இருந்த நான் தரைக்கு இறங்கினேன்.

போனை எடுத்துக் கூட்டக் குறிப்பின் படத்தைக் காட்டினேன். தலைவர் கண்ணாடியைக் கழற்றாமலே வாசித்தார். "கட்டுரை திருப்திகரமாக அமையுமிடத்து எண்டுதானே கிடக்கு? திருத்தி எழுதினது நான். அப்ப ஐஞ்சாவது திரியும் எனக்குத்தான் வரோணும். நான் கேட்டனானோ? விட்டுக்குடுக்கோணும், தம்பி. நீர் இல்லாட்டி விளக்கே இல்லை. அஞ்சு பேரும் உம்மட கையாலைதானே நெருப்பு வாங்கப்போகினம்."

குகதாசன் வெளியே வந்து சிகரெட் பற்றவைத்தான். முதலாம் திரி போன கோபத்தில் இரண்டு இழுப்பிலேயே அதைக் கீழே போட்டு மிதித்தான். எனக்கு அதைப் பார்க்க நன்றாக இருந்தது, அதையும் சொல்லிவிடுகிறேன்.

சித்திரை மாதத்துச் சனிக்கிழமை. மண்டபத்தில் முந்நூறு பேர். மேடையில் பெல்லிங்கின் பெரிய படம். உண்மையான படம் கிடைக்காததால் யாரோ ஒரு மீசைக்காரரைப் போட்டிருந்தார்கள். கெவின் புது சேட்டுப் போட்டு, மனைவி சுட்ட கேக் ஒன்றையும் கொண்டுவந்திருந்தார். பொன்னாடை போர்த்தினார்கள். மாலை பதினைந்து போட்டார்கள். நான் எண்ணினேன். ராண்டலைவிட ஒன்று கூட.

"முதலாவது திரியை ஏற்றி வைக்க, ஆளுநரின் வழித்தோன்றல் திரு. கெவின் பெல்லிங் அவர்களை அன்போடு அழைக்கிறோம்," என்றாள் தனுஷா.

நான் மெழுகுதிரியைக் கொடுத்தேன். கெவின் முதலாம் திரியை ஏற்றினார். எல்லாரும் கைதட்டினார்கள். உற்சாகத்தில் அவர் இரண்டாவதையும் ஏற்றினார். பிறகு மூன்றாவது, நாலாவது. ஐந்து திரி இருக்கிறது, கையில் நெருப்பு இருக்கிறது. வேறென்ன செய்வார் மனிதர்? ஒன்றோடு நிறுத்தவேண்டும் என்று முப்பத்தொரு நிர்வாகிகளில் ஒருவரும் அவருக்குச் சொல்லவில்லை. விளக்கேற்றல் உபகுழு ஏழு தரம் கூடியது; ஏழு தரமும் வரிசையைப் பற்றித்தான் பேசியது. ஐந்தாவதையும் ஏற்றிவிட்டு, மெழுகுதிரியை என் கையில் தந்து, நோர்வேஜிய மொழியில் நன்றி சொல்லி, போய் இருந்தார்.

மேடையில் நாலு பேர் ஏற்றுவதற்கு ஒன்றுமில்லாமல் நின்றார்கள். என் நெஞ்சுக்குள் மேளம் அடித்தது. எனக்குக் கிடைக்காவிட்டால் போகட்டும், குகதாசனுக்கும் இல்லை.

"ஊதி அணைச்சிட்டுத் திருப்பி ஏத்துவம்," என்றான் குகதாசன் மெதுவாக.

"விளக்கை ஊதுறதோ? அறுவானே!" என்றார் தலைவரின் மனைவி.

"அப்ப பூவாலை அணைப்பம்."

"விழா தொடங்க முதலே அணைக்கிறதோ?"

கடைசியில் எரிகிற திரிக்கே மறுபடி நெருப்பைக் காட்டுவதென்று முடிவானது. தனுஷா நாலு பெயரையும் ஒரே மூச்சில் வாசித்தாள். நாலு பேரும் ஒரு மெழுகுதிரியைப் பிடித்தார்கள். யாருடைய கை மேலே வருவது என்ற இழுபறியில் மெழுகுதிரி இரண்டாக முறிந்து, ஒரு துண்டு எண்ணெய்க்குள் விழுந்தது. புகைந்தது. படம் எடுப்பவர் அதையும் எடுத்துக்கொண்டு, ரோல்ஸ் சாப்பிடப் போய்விட்டார்.

புகையைக் கண்ட மண்டபக்காரர் எங்கோ ஒரு சுவிட்சை அழுத்திக் காற்றோட்டத்தைக் கூட்டினார். தலைவர் பேசத் தொடங்கினார்.

"ஆளுநர் பெல்லிங் பதவிக்கு ஆசைப்படாதவர். பெயருக்கு ஆசைப்படாதவர். என்னையும் அப்படித்தான் சொல்லுவினம். பதினாலு வருசமா எனக்குத் தலைவர் பதவி வேண்டாம், வேண்டாம் எண்டு சொல்லிச் சொல்லித்தான் இருக்கிறன். வேற ஆரும் கேட்டால் யாப்பில இடமில்லை எண்டும் சொல்லியிருக்கிறன்..."

அப்போது ஐந்தாம் திரி அணைந்தது.

முந்நூறு பேரும் பார்த்தார்கள். முன்வரிசையில் ஒரு கிழவர் "சகுனம் சரியில்லை" என்றார். தலைவர் பேச்சை நிறுத்தாமலே கண்ணால் எனக்குச் சாடை காட்டினார். பத்தொன்பது வருடமாக இந்தச் சாடை வரும். நான் லைட்டரோடு குனிந்து போய், ஒருவரும் காணாமல் கொளுத்திவிட்டு வருவேன். அன்றைக்கும் லைட்டர் என் சட்டைப்பையில் இருந்தது. கால்தான் வரவில்லை.

தலைவர் ஒலிவாங்கியை விட்டுச் சரிந்தார். "தில்லை, கொளுத்தும் காணும்."

"பேரை வாசிக்கச் சொல்லுங்கோ."

"என்னது?"

"பேர் வாசிச்சால் ஏத்துறன்."

குகதாசன் பாய்ந்து வந்தான். "லைட்டரைத் தா, நான் ஏத்துறன்." நான் பையைப் பொத்திக்கொண்டேன். "ஆரிட்டயும் லைட்டர் இருக்கோ?" என்று அவன் மேடையைப் பார்த்துக் கேட்டான். நிர்வாகசபையில் குறைந்தது ஒன்பது பேர் புகைப்பவர்கள். ஒன்பது பேரின் பையிலும் லைட்டர் உண்டு. ஆனால் மனைவிமார் முன்வரிசையில் இருந்தார்கள். ஒருவரும் அசையவில்லை. குகதாசனின் கையும் தன் பைக்குப் பாதிவழி போய், மனைவியைக் கண்டு திரும்பி வந்தது.

தனுஷா என்னைப் பார்த்தாள். கையில் இருந்த தாளை மடித்தாள். தலைவரைக் கேட்கவில்லை.

"ஐந்தாவது திரியை ஏற்றி வைக்க, எங்கட இந்த விளக்கைப் பத்தொன்பது வருசமா வீட்டில வைச்சு, துடைச்சு, தூக்கிக்கொண்டு வாற திரு. தில்லைநாதன் அவர்களை அழைக்கிறோம்."

முதலில் கைதட்டியது கெவின். அவருக்கு ஒன்றும் விளங்கியிருக்காது. பிறகு பின்வரிசைகள் தட்டின. பிறகு எல்லாரும். நான் விளக்கடிக்குப் போய்த் திரியை இழுத்துவிட்டு, கையால் காற்றை மறைத்து, ஏற்றினேன். அது பிடித்து எரிந்தது. படம் எடுப்பவரைத் தேடினேன். சமையலறை வாசலில், கையில் ரோல்ஸோடு நின்றார்.

காரில் போகும்போது யோகாம்பாள் கேட்டாள். "நான் பாக்கேல்லை, வடை பொரிச்சுக்கொண்டு நிண்டனான். படம் இருக்கோ?"

"எடுத்திருப்பினம்," என்றேன். எடுத்ததாக வைத்துக்கொண்டேன். விளக்கு முன் இருக்கையில் பெல்ட்டோடு இருந்தது.

மறுநாள் மத்தியானம் போன் அடித்தது. குகதாசன். அவன் பேச்சு வழக்கமான பேச்சாக இல்லை.

"மச்சான், நேற்று எங்கட நாலு பேற்றை பேரையும் கடைச் சாமான் துண்டு வாசிக்கிற மாதிரி ஒரு மூச்சில வாசிச்சவள். உனக்கெண்டால் தனியா, விளக்கம் வேற சொல்லி... பதினொரு தரம் ஏத்தினனான். ஒருக்காலும் சனம் எனக்கு அப்பிடிக் கைதட்டேல்லை."

வார்த்தைக்கு வார்த்தை எனக்குக் கேட்டது.

"லைன் சரியில்லை, மச்சான்," என்றேன். "இன்னொருக்கால் சொல்லு."

சொன்னான். முதலில் சொன்னதைவிடச் சத்தமாக, முதலில் சொன்னதைவிட எரிச்சலாக. காற்றில் போன இரண்டு வேட்டும் ஹவுகெட்டோவில் வந்து வெடித்தன. நான் நிமிர்ந்து நின்று கேட்டுக்கொண்டேன்.

குசினிக்குள் இருந்து யோகாம்பாள் எட்டிப் பார்த்தாள். "ஆர் போனில?"

"ராண்டல்," என்றேன்.